நிலத்துக்கு ஒரு திருத்தம், சனங்களுக்கு ஒரு கடிதம்

அணைக்கட்டு வட்டத்தில், ஜவ்வாது மலையைப் பார்த்தாப்போல இருக்கிற சேரி ஒன்றில் ஒரு ஆயா இருக்கிறார். சேரியில் அவருக்குப் பேர் 'சிலோன்காரம்மா'. பிறந்தது ஹட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்து லயத்தில். அவருடைய அம்மா பிறந்ததும் அங்கேதான். அம்மாவுக்கு அப்பா, கங்காணி பின்னால் இந்த வட ஆர்க்காட்டு மண்ணிலிருந்து கண்டிச்சீமைக்குப் போனவர். 1972இல் இருபத்திரண்டு வயசில், கைக்குழந்தையோடு தலைமன்னாரில் கப்பலேறி ராமேஸ்வரத்தில் இறங்கினார் ஆயா. மண்டபம் முகாமில் ஒரு குடும்ப அட்டை கொடுத்தார்கள். அதை இன்னமும் பிளாஸ்டிக் உறை போட்டுத் தகரப்பெட்டியில் வைத்திருக்கிறார். தாத்தன் பேரைச் சொல்லித்தான் இந்தச் சேரியில் ஒண்ட இடம் கிடைத்தது. டேனரி ஒன்றில் இருபது வருசம் ஈரத்தோல் சுமந்தார். பேத்தி இப்போது ஆம்பூர்ப் பக்கம் ஷூ கம்பெனிக்குப் போகிறாள்.

ஒருநாள் அந்த அட்டையை எடுத்துக் காட்டிக் கேட்டார்: "டில்லியில ரெண்டு பேரு கையெழுத்துப் போட்டாங்களாமே, அது இன்னா கையெழுத்து கண்ணு? ஆட்ட வாங்கறவங்கூட பல்லப் புடிச்சிப் பாத்துட்டுத்தான் வாங்குவான். எங்க மொகத்தக்கூட ஒருத்தரும் பாக்கல. எங்கள யாரு கேட்டா?"

ஆயாவிடம் பதில் சொல்ல அன்றைக்கு எனக்குத் தெரியவில்லை. ஒரு நாட்டோடு இன்னொரு நாடு ஒப்பந்தம் போடும்போது யார் கையெழுத்துப் போடுகிறார்கள், யாரைக் கேட்டுப் போடுகிறார்கள், கேட்காமல் போட்டால் செல்லுமா என்று தேடிப் படித்தேன். இது வக்கீல்களுடைய சமாச்சாரம் என்று நாம் ஒதுக்கி வைத்துவிட்டோம். ஆனால் சேரியிலிருந்து புறப்பட்டுப்போன பல லட்சம் சனங்களின் தலையெழுத்து இப்படி ஒரு கையெழுத்தில்தான் மாறியது.

*

'ஒப்பந்தம்' என்றதும் தலித் மக்களாகிய நமக்கு முதலில் ஞாபகம் வருவது பூனா. 1932 ஆகஸ்டில் பிரிட்டிஷ் பிரதமர் மக்டொனால்ட் கொடுத்த தீர்ப்பில் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்குத் தனித் தொகுதிகள் இருந்தன, 71 இடங்கள். காந்தியார் எரவாடா சிறையில் உண்ணாவிரதம் இருந்தார். செப்டம்பர் 24ஆம் தேதி ஒப்பந்தம் ஆனது. தனித் தொகுதி போனது. பொதுத் தொகுதிக்குள் 148 இடங்கள் வந்தன. அம்பேத்கர் கையெழுத்துப் போட்டார். நம் தமிழ்நாட்டிலிருந்து இரட்டைமலை சீனிவாசனும் எம்.சி.ராஜாவும் போட்டார்கள். எத்தனை நெருக்கடியில் போட்ட கையெழுத்து என்பதை நாம் தொண்ணூறு வருசத்துக்கும் மேலாகப் பேசிக்கொண்டிருக்கிறோம். பேச வேண்டியதுதான்.

ஆனால் ஒன்றைக் கவனிக்கவேண்டும். பூனாவில் நம்முடைய ஆட்கள் அந்த அறையில் இருந்தார்கள். கழுத்தில் கத்தி இருந்தது என்றாலும் கையில் பேனாவும் இருந்தது. 1964இல் டில்லியில் நடந்ததில் அதுகூட இல்லை. தலித் வரலாறு என்று எழுதுகிறபோது பூனாவுக்கு ஒரு அத்தியாயம் ஒதுக்குகிறோம். 1964க்கு ஒரு பாராகூட ஒதுக்குவதில்லை. மலையகத் தமிழரில் பாதிக்கு மேல் பறையரும் பள்ளரும் சக்கிலியருமாக இருந்தும் அதை 'இலங்கைப் பிரச்சினை' என்று தள்ளிவைத்துவிட்டோம்.

*

முதலில் சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம்.

அரசியல் சட்டத்தின் ஏழாவது அட்டவணையில் மத்தியப் பட்டியல் இருக்கிறது. அதில் 10ஆவது இனம் வெளிநாட்டு விவகாரம். 14ஆவது இனம் பிறநாடுகளோடு உடன்படிக்கைகளும் ஒப்பந்தங்களும் செய்துகொள்வது, அவற்றை நிறைவேற்றுவது. 17ஆவது இனம் குடியுரிமை. இவற்றின்மேல் சட்டம் செய்கிற அதிகாரம் பாராளுமன்றத்துக்கு. அடுத்து 73ஆம் பிரிவுக்கு வாருங்கள். பாராளுமன்றம் எந்தெந்த விஷயத்தில் சட்டம் செய்யலாமோ அந்தந்த விஷயத்தில் மத்திய அரசின் நிர்வாக அதிகாரமும் செல்லும் என்கிறது அது. உடன்படிக்கை எப்படிச் செய்யவேண்டும் என்று பாராளுமன்றம் இன்றுவரை ஒரு சட்டமும் செய்யவில்லை. அப்படியானால் அந்த வேலையை நிர்வாகமே, அதாவது மந்திரிசபையே, பார்த்துக்கொள்ளும். 1961ஆம் வருசத்து அலுவல் விதிகளின்படி இப்படிப்பட்ட விஷயம் மந்திரிசபைக்குப் போகவேண்டும். பேச்சு, கையெழுத்து, உறுதிசெய்தல் எல்லாமே அந்த ஒரே வீட்டுக்குள் முடிந்துவிடும். முடிந்த பிறகு பாராளுமன்றத்தில் அறிக்கை வாசிப்பார்கள். உறுப்பினர்கள் பேசலாம், கோபப்படலாம், வெளிநடப்புச் செய்யலாம். ஒரு எழுத்தை மாற்றமுடியாது.

மற்ற நாடுகளில் எப்படி? அமெரிக்காவில் ஜனாதிபதி செய்கிற உடன்படிக்கைக்கு செனட்டில் வந்திருக்கிற உறுப்பினர்களில் மூன்றில் இரண்டு பங்கு சம்மதம் வேண்டும். அந்தத் தொல்லையே வேண்டாம் என்று ஜனாதிபதிகள் இன்னொரு வழி வைத்துக்கொண்டார்கள். அதற்கு நிர்வாக ஒப்பந்தம் என்று பேர். செனட்டின் மூன்றில் இரண்டு பங்கு அதற்கு வேண்டாம். எண்ணிக்கையில் பார்த்தால் பெரும்பாலானவை இந்த வழியாகத்தான் நடக்கின்றன. இங்கிலாந்தில் கையெழுத்துப் போடுவது ராஜாங்கத்தின் உரிமை. ஆனாலும் 1924இல் பொன்சன்பி என்கிற மந்திரி ஏற்படுத்திய வழக்கப்படி, உறுதிசெய்வதற்கு முன்னால் 21 நாள் பாராளுமன்றத்தின் மேசையில் வைத்தார்கள். 2010இல் அதைச் சட்டமாகவே ஆக்கினார்கள். தென்னாப்பிரிக்காவில் நிறவெறி ஒழிந்தபிறகு வந்த 1996ஆம் வருசத்து அரசியல் சட்டம், 231ஆம் பிரிவில், முக்கியமான உடன்படிக்கைகளை இரண்டு சபைகளும் தீர்மானம் போட்டு ஏற்றால்தான் நாட்டைக் கட்டுப்படுத்தும் என்கிறது. நேட்டாலுக்குக் கரும்பு வெட்டக் கப்பலேறியவர்களில் நம் வட ஆர்க்காட்டுக்காரர்கள் ஏராளம். அவர்களுடைய பேரப்பிள்ளைகளுக்குக் கிடைத்த இந்தப் பாதுகாப்பு ஊரில் தங்கிவிட்டவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு இல்லை.

நம் சட்டத்தில் உடன்படிக்கை வேறு, நிர்வாக ஒப்பந்தம் வேறு என்கிற பாகுபாடே கிடையாது. பெரிய காகிதத்தில் முத்திரை குத்தி இருவரும் கையெழுத்திட்டாலும் ஒன்றுதான். ஒரு பிரதமர் ஒரு கடிதம் எழுதி, இன்னொரு பிரதமர் 'தங்கள் கடிதத்தில் உள்ளபடி சம்மதம்' என்று பதில் எழுதினாலும் ஒன்றுதான். சர்வதேசச் சட்டமும் பேரைப் பார்ப்பதில்லை, சம்மதத்தைத்தான் பார்க்கிறது.

இன்னொரு சங்கதி. 1935ஆம் வருசத்து இந்திய அரசுச் சட்டத்தில் 106ஆவது பிரிவு என்று ஒன்று இருந்தது. மாகாணத்தின் கையில் இருக்கிற விஷயத்தைத் தொடுகிற உடன்படிக்கையை நிறைவேற்ற மத்தியச் சட்டசபை சட்டம் செய்யவேண்டுமானால் மாகாணக் கவர்னரின் முன்சம்மதம் வேண்டும் என்றது அது. வெள்ளைக்காரன் போட்ட இந்தத் தடையைச் சுதந்திர இந்தியாவின் 253ஆவது பிரிவு எடுத்துவிட்டது. உடன்படிக்கையை நிறைவேற்ற என்றால், மாநிலப் பட்டியலில் இருக்கிற விஷயத்திலும் பாராளுமன்றம் சட்டம் செய்யலாம், மாநிலத்தைக் கேட்க வேண்டியதில்லை. வரைவுக் குழுவுக்குத் தலைவர் பாபாசாகேப்தான் என்பதற்காக இந்த இடத்தை நாம் கண்ணை மூடிக்கொண்டு தாண்டிப் போகக்கூடாது. தேசம் உடைந்து ரத்தம் ஓடிக்கொண்டிருந்த நேரத்தில் பலமான மையம் வேண்டும் என்று எழுதினார்கள். அந்தப் பலம் யார் தலையில் இறங்கியது என்று பார்ப்பது நம் வேலை.

*

அப்படியானால் இந்த நிர்வாகத்துக்கு ஒரு கடிவாளமும் இல்லையா? ஒன்று உண்டு. அது ஒரு துண்டு நிலத்துக்காக வந்தது.

1958 செப்டம்பரில் நேருவும் பாகிஸ்தான் பிரதமர் பெரோஸ்கான் நூனும் ஒரு ஒப்பந்தம் செய்தார்கள். அதன்படி மேற்கு வங்காளத்து ஜல்பாய்குரி மாவட்டத்தில் இருக்கிற பெருபாரி என்கிற இடத்தில் பாதியைப் பாகிஸ்தானுக்குக் கொடுக்கவேண்டும். மொத்தமே 9 சதுர மைலுக்குக் குறைவான இடம். வங்காளம் கொதித்தது. ஜனாதிபதி உச்சநீதிமன்றத்தின் கருத்தைக் கேட்டார். 1960 மார்ச்சில் நீதிமன்றம் சொன்னது: இந்தியாவின் நிலத்தை இன்னொரு நாட்டுக்குக் கொடுப்பது மந்திரிசபையின் கையெழுத்தால் மட்டும் ஆகாது, சாதாரணச் சட்டமும் போதாது, அரசியல் சட்டத்தையே 368ஆம் பிரிவின்படி திருத்தவேண்டும். அதற்காக வந்ததுதான் 1960ஆம் வருசத்து ஒன்பதாவது திருத்தம்.

1969இல் கட்ச் பாலைவன எல்லை வழக்கு வந்தது. மகன்பாய் ஈஸ்வர்பாய் பட்டேல் வழக்கு என்பார்கள். அதில் நீதிமன்றம் இன்னும் கொஞ்சம் தெளிவாக்கியது. எல்லை எது என்கிற தகராறைத் தீர்த்துக்கொள்வதற்குத் திருத்தம் வேண்டாம். ஆனால் ஒரு உடன்படிக்கை குடிமக்களின் உரிமையைக் குறைத்தால், அல்லது இருக்கிற சட்டத்தை மாற்றினால், அதற்குப் பாராளுமன்றத்தின் சட்டம் வேண்டும்.

இந்த வாக்கியத்தைத் திரும்பப் படியுங்கள். நிலத்துக்குக் காவல் இருக்கிறது. சட்டத்துக்குக் காவல் இருக்கிறது. குடிமக்களின் உரிமைக்கும் காவல் இருக்கிறது. குடிமக்கள் என்று எந்த அரசாங்கமும் ஒப்புக்கொள்ளாத சனங்களுக்கு என்ன காவல்?

*

இப்போது ஆயாவின் கதைக்கு வருவோம்.

காப்பிக்கும் பிறகு தேயிலைக்கும் சனங்களைக் கூட்டிப்போனது கங்காணி. முன்பணம் கொடுத்துக் கூட்டிப்போவான். அந்தக் கடனைச் சுமந்துகொண்டு தோட்டத்துக்குப் போவார்கள். வேறு தோட்டம் மாறவேண்டுமானால் எவ்வளவு கடன் என்று எழுதிய 'துண்டு' வேண்டும். புதுத் தொரை அந்தக் கடனைக் கட்டினால்தான் ஆள் மாறலாம். இந்தத் துண்டு முறை 1921இல் ஒழிந்தது. ஆள் ஒருவனை ஒரு காகிதத்தில் எழுதிக் கைமாற்றுகிற பழக்கம் ஒழியவில்லை.

1947இல் இலங்கையில் நடந்த பொதுத்தேர்தலில் தோட்டத் தொழிலாளர்கள் ஓட்டுப்போட்டார்கள். இலங்கை இந்தியர் காங்கிரசிலிருந்து 7 பேர் ஜெயித்தார்கள். வேறு பல தொகுதிகளில் இடதுசாரிகளும் இவர்கள் ஓட்டால் ஜெயித்தார்கள். அடுத்த வருசமே, 1948இல், 18ஆம் எண் குடியுரிமைச் சட்டம் வந்தது. அப்பன் இலங்கையில் பிறந்திருக்கவேண்டும், இல்லாவிட்டால் பாட்டனும் முப்பாட்டனும் பிறந்திருக்கவேண்டும், அதற்குச் சான்று வேண்டும் என்றது. லயத்தில் பிறந்தவனுக்கு யார் சான்று எழுதி வைத்தார்கள்? 1949இல் ஓட்டும் போனது. இன்னொரு சட்டத்தின்கீழ் பதிவு செய்துகொள்ளலாம் என்றார்கள். 8 லட்சத்துக்கு மேல் விண்ணப்பித்தார்கள். கிடைத்தது சுமார் 1,34,000 பேருக்கு. மற்றவர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள்.

நேரு காலத்தில் இந்தியா ஒரு நிலையில் நின்றது: இவர்கள் அங்கே பிறந்து அங்கே உழைத்தவர்கள், இலங்கையின் மக்கள், விருப்பப்பட்டுக் கேட்கிறவர்களுக்கு மட்டும் இந்தியக் குடியுரிமை. 1954இல் கொத்தலாவலையோடு ஒப்பந்தம் ஆனபோதும் அடிப்படை அதுதான். 1964 மே மாதம் நேரு இறந்தார். சீன யுத்தம் முடிந்து இரண்டு வருசம்கூட ஆகவில்லை. அண்டை நாட்டின் சிநேகம் டில்லிக்கு அவசரமாகத் தேவைப்பட்டது. அதே வருசம் அக்டோபர் 30ஆம் தேதி லால் பகதூர் சாஸ்திரியும் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் டில்லியில் கடிதங்கள் மாற்றிக்கொண்டார்கள்.

அந்தக் கடிதத்தில் கணக்கு இருந்தது. மொத்தம் 9,75,000 பேர். அதில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும். 3,00,000 பேரை இலங்கை எடுத்துக்கொள்ளும். மிச்சம் 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசிக்கொள்ளலாம். 15 வருசத்துக்குள் முடிக்கவேண்டும். கணக்கு முதலில், மனுசர்கள் பிறகு. யாருக்கு எந்த நாடு வேண்டும் என்று எண்ணிப் பார்த்துவிட்டு எண்களை எழுதவில்லை. எண்களை எழுதிவிட்டு அதற்கு ஆள் தேடினார்கள். விண்ணப்பம் என்று ஒன்று வாங்கினார்கள் என்பது உண்மை. ஆனால் வாசல் ஐந்தேகால் லட்சம் பேருக்கு ஒரு பக்கமும் மூன்று லட்சம் பேருக்கு ஒரு பக்கமும் ஏற்கெனவே வெட்டப்பட்டுவிட்ட பிறகு, அதில் விருப்பம் எவ்வளவு, நெருக்குதல் எவ்வளவு? தோட்டத் தொழிலாளர்களின் சங்கங்கள் அந்தப் பேச்சில் இல்லை.

இலங்கைப் பாராளுமன்றம் இதை நிறைவேற்ற 1967இல் 14ஆம் எண் சட்டம் செய்தது. ஏழு பேர் இந்தியாவுக்குப் போனால் நான்கு பேருக்கு இலங்கைக் குடியுரிமை என்கிற விகிதத்தில் அது நடந்தது. ஏழுக்கு நாலு! இந்தியாவில் அதற்கென ஒரு சட்டமும் செய்யவில்லை. தேவைப்படவில்லை. நிலம் ஒன்றும் போகவில்லை. இருக்கிற சட்டம் மாறவில்லை. 1955ஆம் வருசத்துக் குடியுரிமைச் சட்டத்தில் பதிவு செய்துகொள்ள வழி இருந்தது. எந்த இந்தியக் குடிமகனின் உரிமையும் குறையவில்லை, ஏனென்றால் இவர்கள் இந்தியக் குடிமக்களே இல்லை. சட்டப்படி ஒரு பிழையும் கிடையாது. பயங்கரம் அதுதான். 9 சதுர மைலில் பாதிக்கு அரசியல் சட்டத் திருத்தம். 9,75,000 பேருக்கு ஒரு கடிதம், ஒரு பதில் கடிதம்.

1974இல் இந்திரா காந்தியும் சிறிமாவோவும் அந்த மிச்ச 1,50,000 பேரையும் பாதிக்குப் பாதி, 75,000 என்று பிரித்துக்கொண்டார்கள். பாகப்பிரிவினையில் அண்ணன் தம்பிகள் பாத்திரத்தைப் பிரிப்பதுபோல. 1981 அக்டோபரில் கெடு முடிந்தது. 1984இல் யுத்தத்தால் கப்பல் நின்றது. 1986இல் மறுபடி ஒரு ஏற்பாடு: விண்ணப்பித்த 5,06,000 பேர் இந்தியாவின் பங்கு, விண்ணப்பிக்காமல் நின்ற 94,000 பேரையும் சேர்த்து 4,69,000 பேர் இலங்கையின் பங்கு. இந்தியக் கடவுச்சீட்டை வைத்துக்கொண்டு கப்பல் இல்லாமல் லயத்திலேயே நின்றுபோனவர்களும் இருந்தார்கள். 2003இல் இலங்கை 35ஆம் எண் சட்டத்தைச் செய்து, 1964 அக்டோபர் 30 முதல் அங்கே இருந்தவர்களுக்கும் அவர்கள் பிள்ளைகளுக்கும் குடியுரிமை கொடுத்தது. நாற்பது வருசம் ஆனது, 'நீங்கள் இங்கேயே இருக்கலாம்' என்று சொல்ல.

இங்கே வந்தவர்கள் என்ன ஆனார்கள்? நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்டத்தில் கொஞ்சம் பேர், கன்னியாகுமரி ரப்பர் தோட்டத்தில் கொஞ்சம் பேர். மற்றவர்கள் கடன் தொகையை வாங்கிக்கொண்டு பாட்டன் ஊரைத் தேடிப்போய் ஊராராலும் உறவாராலும் துரத்தப்பட்டவர்கள். கொடைக்கானல் மலையில் மரம் வெட்டப்போய்க் கொத்தடிமைகளாகச் சிக்கிக்கொண்டவர்களும் உண்டு. 'தாயகம் திரும்பியோர்' என்று அரசு பேர் வைத்தது. பிறக்காத ஊருக்கு எப்படித் திரும்புவது? ஆயா சொல்வார்: "அங்க எங்கள 'இந்தியாக்காரங்க'ன்னான். இங்க வந்தா 'சிலோன்காரங்க'ன்றான். ஆனா சேரி எதுன்னு மட்டும் ரெண்டு எடத்துலயும் கரெக்டா காட்டிட்டான்."

*

இந்த இடத்தில் தமிழ்நாட்டு அரசியலைப் பற்றி ஒன்று கேட்கவேண்டும்.

அதே 1974ஆம் வருசம், அதே இரண்டு பிரதமர்கள், ஜூன் மாதம் இன்னொரு ஒப்பந்தம் போட்டார்கள். அதில் போனது கச்சத்தீவு. சுமார் 285 ஏக்கர், குடியிருப்பு இல்லாத தீவு. தகராறான எல்லையைத்தான் தீர்த்துக்கொண்டோம், நிலத்தைக் கொடுக்கவில்லை, ஆகவே திருத்தம் வேண்டாம் என்றது மத்திய அரசு. 1976இல் மீன்பிடி எல்லையைப் பற்றி மறுபடி கடிதங்கள் மாறின. பெருபாரித் தீர்ப்பைக் காட்டி, இது செல்லாது என்று தமிழ்நாட்டுத் தலைவர்கள் வாதாடினார்கள். 1991இல் சட்டமன்றம் தீர்மானம் போட்டது. 2008இல் ஜெயலலிதா உச்சநீதிமன்றம் போனார். பிறகு கருணாநிதியும் போனார். தேர்தலுக்குத் தேர்தல் கச்சத்தீவு மேடையேறும்.

மீனவர்களின் வயிற்றுப்பாடு அதில் இருக்கிறது. அந்தக் கோரிக்கையை நாம் குறைத்துப் பேசவில்லை. ஆனால் தீவுக்காகப் புரட்டிய அரசியல் சட்டப் புத்தகத்தை, அதே வருசம் 75,000, 75,000 என்று எடைபோட்டுப் பிரிக்கப்பட்ட சனங்களுக்காக ஏன் யாரும் புரட்டவில்லை? தீவு தமிழன் மானம். கொழுந்து கிள்ளுகிற பறச்சியும் சக்கிலிச்சியும் எந்த மானத்தின் கணக்கிலும் வரவில்லை. நிலத்தை வைத்துத்தான் இங்கே மானமும் அளக்கப்படுகிறது. நிலமில்லாதவனுக்குத் தேசமும் அவ்வளவுதான்.

*

இதை எல்லாம் படித்துவிட்டு, வெளிநாட்டு ஒப்பந்தம் என்றாலே நமக்கு எதிரி என்று முடிவு கட்டிவிடக்கூடாது. அதே கதவு வழியாக நமக்கு வேண்டியதும் ஒருமுறை வந்திருக்கிறது. அது வந்தது நம் பாலாற்றங்கரைக்கு.

1972இல் ஸ்டாக்ஹோமில் ஐக்கிய நாடுகள் சபை சுற்றுச்சூழல் மாநாடு கூட்டியது. அங்கே எடுத்த முடிவுகளை நிறைவேற்றுவதற்காக என்று முகப்பிலேயே எழுதி, பாராளுமன்றம் 1981இல் காற்று மாசுச் சட்டத்தையும் 1986இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்தையும் செய்தது. முன்னே சொன்ன 253ஆம் பிரிவு உயிரோடு நடமாடுவது இப்படித்தான். 1992இல் ரியோவில் அடுத்த மாநாடு. அங்கே வந்த பிரகடனத்தில், கெடுதல் வரும் என்றால் முழு நிரூபணத்துக்குக் காத்திருக்காமல் தடுக்கவேண்டும், அசுத்தம் செய்தவனே அதற்கு விலை கொடுக்கவேண்டும் என்கிற கொள்கைகள் இருந்தன.

ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை டேனரிகளின் கழிவுத்தண்ணீர் பாலாற்றில் இறங்கியதை எதிர்த்து வேலூர் குடிமக்கள் நல மன்றம் உச்சநீதிமன்றம் போனது. 1996 ஆகஸ்ட் 28இல் நீதிபதி குல்தீப் சிங் தலைமையில் வந்த தீர்ப்பு, அந்தச் சர்வதேசக் கொள்கைகள் இந்நாட்டுச் சட்டத்தின் பகுதி என்றது. நம் சட்டத்துக்கு முரண்படாத சர்வதேச வழக்கம் நம் சட்டத்தில் கலந்ததாகவே கொள்ளப்படும் என்றது. டேனரி பகுதிகளில் சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் பாதியோ முழுசோ பாழானதைத் தீர்ப்பு எடுத்துச் சொல்கிறது. டேனரி ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் அபராதம் போட்டு, நஷ்டத்தைக் கணக்கிட ஒரு ஆணையத்தை அமைக்கச் சொன்னது. அன்றைக்கு நம் மாவட்டத்துக்குப் பேர் வட ஆர்க்காடு அம்பேத்கர் மாவட்டம். மறுவருசம் அந்தப் பேரை எடுத்துவிட்டார்கள்.

ரியோவில் எழுதியது பாலாற்றுக்கு வந்து சேர்ந்தது பெரிய காரியம்தான். ஆனால் நஷ்டஈடு யாருக்கு? நஷ்டத்தை நிலத்தின் பரப்பை வைத்துக் கணக்கிட்டார்கள். நிலம் இருந்தவன் பேர் பட்டியலில் ஏறியது. சுண்ணாம்புத் தொட்டியில் இறங்கி நின்று கால் வெந்தவனுக்கு, குரோம் தண்ணீரில் விரல் அரித்தவளுக்கு, அந்தப் பட்டியலில் கட்டம் இல்லை. 2025 ஜனவரியில் உச்சநீதிமன்றம் பாலாற்றைப் பற்றி மறுபடி தீர்ப்புச் சொல்லி, பாக்கி நஷ்டஈட்டைக் கொடுங்கள் என்று உத்தரவிடவேண்டி வந்தது. ஆயாவிடம் சொன்னேன். அவர் தன் இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்துக்கொண்டார். "இதுக்கு எத்தினி சென்ட்டு கண்ணு?" என்றார்.

*

கையெழுத்துப் போடுவது மட்டுமா நிர்வாகத்தின் கையில் இருக்கிறது? போட்ட கையெழுத்துக்கு என்ன அர்த்தம் என்று சொல்வதும் அதன் கையில்தான் இருக்கிறது.

எல்லா வகை இனப் பாகுபாட்டையும் ஒழிக்கும் சர்வதேச உடன்படிக்கை 1965இல் ஐ.நா.வில் நிறைவேறியது. அதன் முதல் பிரிவில், நிறம், வம்சாவளி என்று அடுக்கிக்கொண்டு போகிற இடத்தில், 'வம்சாவளி' என்கிற சொல்லைச் சேர்க்கச் சொன்னதே இந்தியப் பிரதிநிதிதான். 1968இல் இந்தியா அதை உறுதிசெய்தது. ஆனால் 1996இல் அந்த உடன்படிக்கையைக் கண்காணிக்கிற ஐ.நா. குழுவின் முன் நின்றபோது, சாதி இதில் வராது என்று இந்திய அரசு வாதாடியது. வம்சாவளி என்ற சொல்லில் சாதியும் அடங்கும் என்றது அந்தக் குழு. 2001இல் டர்பன் மாநாட்டுக்குத் தலித் இயக்கங்கள் போனபோதும் அரசு அதே பல்லவியைப் பாடியது. 2002இல் அந்தக் குழு தன் 29ஆவது பொதுப் பரிந்துரையில் சாதி உள்ளிட்ட வம்சாவளிப் பாகுபாடு உடன்படிக்கையை மீறுவதாகும் என்று எழுத்தில் சொன்னது. நம் பாராளுமன்றம் இந்தச் சண்டைக்கு வெளியே நின்றது. உடன்படிக்கையை நிறைவேற்றத் தனிச்சட்டம் செய்யவும் இல்லை, அரசின் விளக்கத்தைக் கேள்வி கேட்டு ஒரு தீர்மானம் போடவும் இல்லை.

*

என்ன செய்யலாம்?

2015இல் வங்கதேசத்தோடு எல்லையில் இருந்த தீவுத்துண்டு ஊர்களை மாற்றிக்கொண்டபோது, 100ஆவது அரசியல் சட்டத் திருத்தம் செய்தார்கள். அங்கே குடியிருந்தவர்களிடம் வீடுவீடாகப் போய், எந்த நாடு வேண்டும் என்று கேட்டார்கள். அப்படிக் கேட்கமுடியும் என்பதற்கு இது சாட்சி. நிலம் கைமாறியதால் கேட்டார்கள். சனங்களுக்காக மட்டும் கேட்கிற காலம் வரவேண்டும்.

மனுசர்களின் குடியுரிமையை, வேலையை, வாழிடத்தைத் தொடுகிற எந்த ஒப்பந்தமும், கடிதமாக இருந்தாலும் சரி, உறுதிசெய்வதற்கு முன்னால் பாராளுமன்றத்துக்கு வரவேண்டும். சம்பந்தப்பட்ட மாநிலச் சட்டமன்றத்துக்கு வரவேண்டும். தமிழிலும் மற்ற மொழிகளிலும் அச்சாகி வரவேண்டும். சம்பந்தப்பட்ட சனங்களின் அமைப்புகள் பேச்சில் உட்காரவேண்டும். 14ஆவது இனத்தின்கீழ் இப்படி ஒரு சட்டம் செய்யப் பாராளுமன்றத்துக்கு இன்றைக்கே அதிகாரம் இருக்கிறது. அரசியல் சட்டத்தைத் திருத்தக்கூட வேண்டியதில்லை. கேட்கத்தான் ஆளில்லை.

இது பழைய கதை இல்லை. தமிழ்நாட்டு அகதி முகாம்களில் மலையக வம்சாவளியினர் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். அவர்களுடைய குடியுரிமை விண்ணப்பங்களைப் பரிசீலிக்கச் சொல்லி 2019 ஜூனில் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. அதே வருசக் கடைசியில் வந்த குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் மூன்று நாடுகளின் பேர் இருந்தது. இலங்கையின் பேர் இல்லை. 1964 கடிதத்தில் இந்தியாவின் பங்கு என்று எண்ணப்பட்டவர்களின் பேரப்பிள்ளைகளும் அந்த முகாம்களில் இருக்கக்கூடும் என்பதை எந்த மந்திரிசபையும் நினைத்துப் பார்க்கவில்லை.

படித்ததை எல்லாம் ஆயாவிடம் போய்ச் சொன்னேன். 73, 253, பெருபாரி எல்லாம். பொறுமையாகக் கேட்டார். பிறகு தகரப்பெட்டியைத் திறந்து அந்த அட்டையை எடுத்தார். அதில் அவர் வைத்த கைநாட்டு இருக்கிறது. மண்டபத்தில் இறங்கிய அன்று வைத்தது. எல்லாம் முடிந்து எட்டு வருசம் கழித்து.

"அப்ப நான் வெச்சது எதுக்கு?" என்று கேட்டார்.